சீக்கிய நெறி: கேட்டவர்களுக்குப் பதில்

பஞ்சாபில் உள்ள லூதியானாவில் 11 வருடம் வேலை பார்த்தேன். நான் சீக்கியன் இல்லை, ஆனால் ஞாயிற்றுக்கிழமை வந்தால் சீக்கியர்களின் வழிபாட்டுத் தலமான குருத்வாராவில் பாத்திரம் கழுவப் போய்விடுவேன். அங்கே பெரியவர்களிடம் கேட்டதும் பிறகு படித்ததும்தான் என் கையிருப்பு. நீங்கள் அனுப்பிய கேள்விகளுக்கு வருகிறேன்.

கேள்வி: இது இந்து மதத்தின் ஒரு பிரிவுதானே?

இல்லை, தனி மதம். கர்மா, மறுபிறவி போன்ற சில எண்ணங்கள் பொதுவாக இருக்கின்றன, அதனால்தான் இந்தக் குழப்பம். இந்த நெறியைத் தொடங்கிய குரு நானக் (1469–1539) சொன்னதன் வேர் 'இக் ஓங்கார்', கடவுள் ஒருவரே. அவருக்கு உருவம் இல்லை, பிறப்பு இல்லை, பயம் இல்லை, யார் மேலும் பகை இல்லை. அதனால் அவதாரமும் சிலையும் இந்த நெறியில் கிடையாது.

கேள்வி: சிலை கூடாது என்கிறார்கள், புத்தகத்துக்கு மட்டும் விசிறி வீசுகிறார்களே, அது என்ன?

எனக்கும் முதலில் இதே சந்தேகம்தான். அந்தப் புத்தகம் சீக்கியர்களின் புனித நூலான குரு கிரந்த் சாகிப். அதைக் காலையில் மரியாதையோடு விரிக்கிறார்கள், இரவில் மூடி ஓய்வறைக்குக் கொண்டுபோகிறார்கள், அதில் உள்ள 1430 பக்கங்களை 'அங்கம்' என்றே சொல்கிறார்கள். 1708இல் பத்தாவது குரு கோவிந்த் சிங், தனக்குப் பின் மனிதர் யாரும் குரு இல்லை, இனி இந்த நூல்தான் குரு என்று முடித்துவிட்டார். ஆக அந்தப் பணிவு காகிதத்துக்கு இல்லை, அதிலிருக்கும் சொல்லுக்கு. அது யார் யாருடைய சொல் என்று பாருங்கள்: குருமார்களுடையதோடு நெசவாளி கபீர், தோல் வேலை செய்த ரவிதாஸ், மராட்டிய நாமதேவர், முஸ்லிம் ஞானி பரீத் பாடியவையும் அதில் இருக்கின்றன. பட்டம் கட்டிய ராஜாவும் ரவிதாஸின் பாட்டுக்கு முன்னால் நெற்றி தரையில் பட வணங்கித்தான் ஆக வேண்டும், இதை நினைத்தால் எனக்கு இன்றைக்கும் சிலிர்க்கிறது.

கேள்வி: ஒரு சீக்கியர் தினமும் என்ன செய்ய வேண்டும்?

இறைவன் பெயரை நினை, உழைத்துச் சாப்பிடு, பகிர்ந்து உண். இந்த மூன்றுதான் அடிப்படை. துறவு போகச் சொல்வதில்லை, குடும்பத்தில் இருந்துகொண்டே செய்யச் சொல்கிறார்கள். நானக்கே கடைசிக் காலத்தில் கர்தார்பூரில் விவசாயம் பார்த்தார்.

கேள்வி: கத்தி ஏன்?

அது கிர்பான். 1699 வைசாகித் திருநாள் அன்று பஞ்சாபின் ஆனந்தபூரில் குரு கோவிந்த் சிங் கால்சா என்ற தீட்சை பெற்ற சீக்கியர் அமைப்பைத் தொடங்கியபோது வந்த ஐந்து அடையாளங்களில் ஒன்று. வெட்டாத முடி, சீப்பு, இரும்பு வளையம், அரைக்கால் உள்ளாடை மற்ற நான்கு. எளியவரைக் காக்கத்தான் அது, வம்புக்கு இல்லை. அமிர்தம் (தீட்சையில் தரும் இனிப்பு நீர்) எடுத்துக்கொண்டு கால்சாவில் சேர்ந்தவர்களுக்குத்தான் ஐந்தும் கட்டாயம். முடி வெட்டிக்கொண்டு நம்பிக்கையோடு வாழ்பவர்களும் நிறைய பேர் உண்டு.

கேள்வி: சாதி இல்லை என்பது உண்மையா?

கொள்கையில் இல்லை. அந்த வைசாகியில் 'தலை கொடுக்க யார் தயார்?' என்று குரு கோவிந்த் சிங் கேட்டபோது எழுந்து வந்த ஐந்து பேரில் ஒருவர் பீதரிலிருந்து வந்த நாவிதர், இன்னொருவர் பூரியிலிருந்து வந்த தண்ணீர் சுமப்பவர். அவர்களுக்கு அமிர்தம் கொடுத்த குரு, அப்புறம் அவர்கள் கையாலேயே தானும் அதை வாங்கிக்கொண்டார். ஆனால் நடைமுறையைக் கேட்டால் மறைக்க மாட்டேன்: கல்யாணத்தில் சாதி பார்க்கிறார்கள், சில கிராமங்களில் தலித்துகளுக்குத் தனிக் குருத்வாரா, தனிச் சுடுகாடுகூட இருக்கிறது. நானக் சொன்னதற்கு நேர் எதிரானது இது, பார்க்கும்போதெல்லாம் வலித்தது.

கேள்வி: குருத்வாராவில் எல்லாருக்கும் போடும் லங்கர் சாப்பாட்டுக்கு நாங்கள் போகலாமா? பணம் கேட்பார்களா?

தாராளமாகப் போங்கள். யாரும் எதுவும் கேட்க மாட்டார்கள். சென்னையில் தி.நகரிலேயே குருத்வாரா இருக்கிறது. செருப்பைக் கழற்றி, கை கால் கழுவி, தலையை ஒரு துணியால் மூடிக்கொள்ளுங்கள். பீடி, சிகரெட், மது எதுவும் கூடவே கூடாது. ரொட்டியை இரண்டு கையையும் ஏந்தி வாங்குங்கள், தட்டில் மிச்சம் வைக்காதீர்கள். நேரம் இருந்தால் சாப்பிட்ட பின் பாத்திரம் கழுவும் இடத்துக்குப் போய் நில்லுங்கள், இடம் விடுவார்கள்.