ஐந்தாம் நாள் கரு: 60 சதவீதம் என்பது எதில்?

கேள்வி: எனக்கு வயது 34. முதல் ஐ.வி.எஃப்.பில் மூன்றாம் நாள் கருக்கள் இரண்டை வைத்தார்கள், தங்கவில்லை. இப்போது 9 முட்டைகள் எடுத்ததில் 5 கருவுற்றிருக்கின்றன. இந்த முறை பிளாஸ்டோசிஸ்ட் வரை, அதாவது ஐந்தாம் நாள் கருவாக, வளர்த்து வைத்தால் 60 சதவீதம் வெற்றி என்கிறார்கள். அதற்குள் எல்லாமே நின்றுபோனால் என்ன செய்வது என்று பயமாக இருக்கிறது. மூன்றாம் நாளே வைக்கச் சொல்லட்டுமா டாக்டர்?

பதில்: எதில் 60 என்று கேட்டீர்களா? கர்ப்பத்தைக் காட்டும் ரத்தப் பரிசோதனையான பீட்டா ஹெச்.சி.ஜி. பாசிடிவ் ஆனாலும் வெற்றி என்பார்கள், ஸ்கேனில் இதயத்துடிப்பு தெரிந்தாலும் வெற்றி என்பார்கள். உங்களுக்கு வேண்டியது குழந்தை. 35 வயதுக்குள், தரமான ஒரு பிளாஸ்டோசிஸ்ட்டை வைத்தால் அது குழந்தைப் பேறில் முடிவது தோராயமாக 40 முதல் 50 சதவீதம். சொந்த முட்டையில், 42 வயதை நெருங்கும்போது 20-க்கும் கீழே இறங்கிவிடும். குரோமோசோம் பிழைகள் பெருகுவதுதான் காரணம்.

இன்னொன்று. உதாரணத்துக்கு, 100 பேர் சிகிச்சை தொடங்கி, 80 பேருக்கே பிளாஸ்டோசிஸ்ட் கிடைத்து, 40 பேருக்குக் குழந்தை பிறந்ததாக வைத்துக்கொள்ளுங்கள். வைத்தவர்களை மட்டும் எண்ணினால் 50 சதவீதம். தொடங்கியவர்களை எண்ணினால் 40. விளம்பரத்தில் வருவது பெரும்பாலும் முதல் கணக்கு.

ஐந்து நாள் வளர்ப்பது கருவை வலுவாக்குவதில்லை, சலித்தெடுக்கிறது. மூன்றாம் நாள், அதாவது எட்டு செல் வரை, கரு ஓடுவது முட்டையில் இருந்த சேமிப்பில்தான். அதன் பிறகே சொந்த மரபணுக்கள் முழுமையாக வேலைக்கு வரும். பாதிக் கருக்கள் நின்றுபோவது இந்தக் கட்டத்தில்தான். அப்படி நிற்பவை மூன்றாம் நாளே கர்ப்பப்பைக்குப் போயிருந்தாலும் பெரும்பாலும் தங்கியிருக்காது. பெரும்பாலும் என்றுதான் சொல்வேன். இன்குபேட்டர் கர்ப்பப்பை ஆகாது. அதனால் உங்கள் ஆய்வகத்தில் கருவுற்றவற்றில் எத்தனை சதவீதம் பிளாஸ்டோசிஸ்ட் ஆகிறது என்று கேளுங்கள். 40-க்கு மேல் இருந்தால் தைரியமாகக் காத்திருக்கலாம்.

ஐந்தில் இரண்டு கிடைக்கலாம். ஒன்றோ மூன்றோ ஆகலாம். மூன்றாம் நாள் காலை, ஆறு முதல் எட்டு செல் உள்ள நல்ல கருக்கள் மூன்றுக்குக் குறையாமல் இருந்தால் ஐந்தாம் நாளுக்கே போங்கள். ஒன்றிரண்டுதான் தேறியது என்றால் சலிக்க ஒன்றுமில்லை, அன்றே வைப்பதில் தவறில்லை. எல்லாமே நின்றுவிட்டாலும் அடுத்த சுற்றுக்கு அது ஒரு தடயம்: விந்தணு டி.என்.ஏ. சிதைவுப் பரிசோதனை, முட்டை வளரப் போடும் ஊசி மருந்தின் அளவு இரண்டையும் மறுபடி பார்ப்போம்.

ரிப்போர்ட்டில் 4ஏபி என்பதுபோல் எழுதியிருப்பார்கள். எண் கரு எவ்வளவு விரிந்திருக்கிறது என்பது. முதல் எழுத்து குழந்தையாகும் செல்கொத்து, இரண்டாவது நஞ்சுக்கொடியாகும் வெளிச்சுவர். எழுத்துகளில் ஏ-தான் உயர்ந்த தரம். 3பிபி-யிலும் குழந்தை பிறக்கிறது, 5ஏஏ-வும் தவறுகிறது. ஒன்றை வைத்து மற்றதை உறைய வையுங்கள். உறைந்த பிளாஸ்டோசிஸ்ட் நூற்றுக்குத் தொண்ணூறுக்கு மேல் உயிரோடு மீள்கிறது. இரண்டை வைத்தால் இரட்டையும் குறைப்பிரசவமும் கூடும்.

உறைந்த கருவை ஹார்மோன் மாத்திரை முறையில் வைத்தால், கரு தங்கக் கர்ப்பப்பையைத் தயார்செய்யும் புரொஜெஸ்டிரோன் தொடங்கும் நாள் முக்கியம். ஐந்து நாள் முழுதாகப் போட்டு ஆறாம் நாள் வைப்பது வழக்கம். முதல் டோஸ் தள்ளிப்போனால் மறைக்காமல் சொல்லுங்கள், தேதியை மாற்றிவிடலாம். கர்ப்பப்பையின் உட்சுவர் 7 மில்லிமீட்டராவது இருக்க வேண்டும்.

வைக்கும்போது திரையில் பளிச்சென்று தெரியும் வெள்ளைப் புள்ளி கரு அல்ல, கூடவே போகும் காற்றுக்குமிழி. கரு கண்ணுக்குத் தெரியாது. எழுந்து நடந்தால் அது விழுந்துவிடாது. நாள்கணக்கில் படுத்திருப்பதால் பலன் இல்லை.

பீட்டா பரிசோதனை, கரு வைத்த 10-ஆம் நாளுக்கு மேல். இதே சுற்றில் முட்டை முதிர ஹெச்.சி.ஜி. ஊசி போட்டிருந்தால், அவசரப்பட்டு வீட்டில் பார்க்கும் கிட் ஊசியின் மிச்சத்தையே பாசிடிவ் எனக் காட்டலாம். இடையில் ரத்தக்கசிவு கண்டாலும் புரொஜெஸ்டிரோனை நீங்களாக நிறுத்தாதீர்கள். பீட்டா முடிவு கையில் வரட்டும்.