வாய்தாவுக்கு ஆள் வராததால் தள்ளுபடியான வழக்கைத் திரும்ப எடுக்க முடியுமா?

கேள்வி: புரோநோட்டுக் கடன் 4 லட்சம் ரூபாயை வசூலிக்க வழக்குப் போட்டிருந்தேன். வக்கீல் பார்த்துக்கொள்வார் என்று இருந்துவிட்டேன். மார்ச் 4 அன்றே வழக்கு டீஃபால்ட்டில் தள்ளுபடி ஆகியிருக்கிறது. எனக்கு ஜூன் 20-ல்தான் தெரியும். பணம் போனது போனதுதானா?

பதில்: போகவில்லை. ஆனால் இனி ஒரு நாளைக்கூட வீணாக்காதீர்கள். கடன் உண்மையா இல்லையா என்று நீதிபதி இன்னும் பார்க்கவே இல்லை. வழக்கைக் கூப்பிட்டபோது உங்கள் தரப்பில் ஆள் இல்லை, அவ்வளவுதான்.

முதலில் உத்தரவின் நகலுக்கு மனுப் போடுங்கள். அன்று பிரதிவாதி ஆஜரானாரா என்று பார்க்க வேண்டும். இரு தரப்பும் வரவில்லை என்றால், உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 9, விதி 4-ன்படி, காலவரம்பு மிச்சம் இருந்தால் புது வழக்கே போடலாம். அவர் வந்து நீங்கள் மட்டும் வரவில்லை என்றால் அது விதி 8. அப்போது அதே காரணத்துக்குப் புது வழக்குப் போட முடியாது. விதி 9-ன் கீழ் பழைய வழக்கைக் கோப்புக்கு எடுக்கச் சொல்லித்தான், அதாவது தள்ளுபடியை நீக்கி மீண்டும் விசாரிக்கச் சொல்லித்தான், கேட்க வேண்டும். கடன் வழக்குக்குக் காலவரம்பே 3 ஆண்டுதான் என்பதால், எப்படிப் பார்த்தாலும் உங்களுக்கு இதுதான் பாதுகாப்பான வழி.

இந்த மனுவுக்கு 30 நாள் கெடு. தள்ளுபடியான தேதியிலிருந்து எண்ண வேண்டும், உங்களுக்குத் தெரிந்த தேதியிலிருந்து அல்ல. உங்கள் கெடு ஏப்ரல் 3-ல் முடிந்துவிட்டது. ஜூன் 27-ல் தாக்கல் செய்தால் தாமதம் 85 நாள். அதனால் காலவரம்புச் சட்டம் பிரிவு 5-ன் கீழ், தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவையும் சேர்த்தே போடுங்கள்.

பலர் சறுக்குவது பிரமாணப் பத்திரத்தில்தான். மார்ச் 4-ல் ஏன் வரவில்லை என்பது ஒரு கேள்வி. அந்த 85 நாள் ஏன் ஆனது என்பது வேறு கேள்வி. இரண்டுக்கும் தனித்தனியாகப் பதில் வேண்டும். "உடல்நிலை சரியில்லாததால்" என்ற ஒற்றை வரியை நம்பித் தோற்றுப்போன மனுக்கள் ஏராளம். வக்கீல் தகவல் சொல்லவில்லை என்றால் அதையே எழுதுங்கள். எந்தத் தேதியில் போன் செய்தீர்கள், என்ன பதில் வந்தது, ஜூன் 20-ல் யார் மூலம் தெரிந்தது என்று வரிசையாக வரட்டும். வாட்ஸ்அப் செய்தி இருந்தால் நகல் எடுத்து இணையுங்கள். வக்கீலின் தவறுக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று ரஃபீக் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1981-லேயே சொல்லியிருக்கிறது. ஆனாலும் நீங்கள் விசாரித்துக்கொண்டே இருந்தீர்களா என்பதையும் நீதிமன்றங்கள் பார்க்கின்றன. பொய் மருத்துவச் சான்றிதழ் மட்டும் வேண்டாம். குறுக்கு விசாரணையில் அது உடைந்தால் உண்மையான கடனையும் சேர்த்துச் சந்தேகிப்பார்கள்.

எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் போகும். செலவுத்தொகை கட்டச் சொன்னால் சொன்ன தேதிக்குள் கட்டிவிடுங்கள். விதி 9-ன் கீழ் கோப்புக்கு எடுக்கக் கோரும் மனு தள்ளுபடியானால் கட்டளை 43-ன் கீழ் மேல்முறையீடு உண்டு.

வக்கீலை மாற்றுவதாக இருந்தால் பழையவரிடம் ஆட்சேபணை இல்லை என்று எழுதி வாங்குங்கள்; அவர் தரவில்லை என்றால் நீதிமன்றத்தில் அனுமதி கேட்கலாம். அப்புறம், ஒவ்வொரு வழக்குக்கும் தனியாகத் தரப்படும் 16 எழுத்து-எண் கொண்ட சிஎன்ஆர் எண்ணைக் கேட்டு வாங்கி, நீதிமன்ற வழக்கு விவரங்களைக் காட்டும் இ-கோர்ட்ஸ் செயலியில் போட்டு வையுங்கள். அடுத்த வாய்தா தேதி உங்கள் போனிலேயே தெரியும்.