குசினிச் சுவரில் ஒரு புகைக்கரி

அன்புள்ள அக்கா,

போன கிழமை உங்கள் மகள் வெளியே போன பிறகு நீங்கள் மெல்லிய குரலில் கேட்டீர்கள்: "படத்துக்கு செட் போடுகிறதும் ஒரு தொழிலா தம்பி? அதை நம்பிப் பிள்ளையை விடலாமா?" அவசரத்தில் பதில் சொல்ல மனம் வரவில்லை. அதனால்தான் இந்தக் கடிதம்.

முதலில் பெயர்க் குழப்பம். தமிழ்ப் படங்களில் கலை இயக்குநர் என்று போடுகிறவரின் வேலையைப் பிரித்தானியாவில் புரொடக்‌ஷன் டிசைனர் செய்கிறார்; படத்தில் வரும் வீடும் தெருவும் எப்படி இருக்க வேண்டும் என்று யோசித்து வடிவமைக்கிறவர் அவர். இங்கே ஆர்ட் டைரக்டர் என்றால் அவருக்குக் கீழே நின்று வரைபடத்தையும் செலவையும் கட்டுமானத்தையும் பார்க்கிறவர். மகள் ஆசைப்படுவது டிசைனரின் கதிரைக்கு. அதில் எடுத்த எடுப்பில் யாரும் உட்கார முடியாது.

ஸ்டூவர்ட் கிரெய்க் என்ற டிசைனரைப் பாருங்கள். 1942-ல் நொரிச்சில் பிறந்து, றோயல் கொலிஜ் ஒஃப் ஆர்ட்டில் படித்தவர். 1967-ல் வெளிவந்த 'கசினோ றோயல்' படத்தின் கலைப்பிரிவில் கடைசிப் படியில் சேர்ந்தார். டிசைனர் என்று அவர் பெயர் திரையில் வந்தது 1980-ல். இடையில் பதின்மூன்று வருடம் வேறு டிசைனர்கள் யோசித்ததை அளந்து, வரைந்து, கட்டிக் கொடுத்தார். அதற்குப் பிறகு 'காந்தி' உட்பட மூன்று படங்களுக்கு ஒஸ்கார். ஹரி பொட்டர் எட்டுப் படங்களும் அவருடைய கைவண்ணம். 2025 செப்டம்பரில் காலமானார். ஒஸ்காரைவிட அந்தப் பதின்மூன்று வருடத்தைத்தான் பிள்ளைகளிடம் நான் கூடுதலாகச் சொல்வேன்.

ஹரி பொட்டர் படங்களை எடுத்த லீவ்ஸ்டன் ஸ்டூடியோ உங்கள் ஹரோவிலிருந்து கிட்டத்தான். ஒரு நாள் மகளைக் கூட்டிக்கொண்டு போய்ப் பாருங்கள். கதையில் வரும் மந்திரப் பள்ளிக்கூடமான ஹொக்வார்ட்ஸ் கோட்டையின் பெரிய மண்டபத்தில் எல்லோரும் மேலேதான் அண்ணாந்து பார்ப்பார்கள். நீங்கள் நிலத்தைப் பாருங்கள். அது உண்மையான யோர்க்‌ஷயர் கல். பலகையில் வர்ணம் பூசியிருந்தால் அப்போதைக்குச் செலவு குறைந்திருக்கும். கிரெய்க் கல்லே வேண்டும் என்று நின்றார். பத்து வருடப் படப்பிடிப்பை அது தாங்கியது. இன்றைக்கும் பார்க்க வருகிறவர்கள் அதன்மேல்தான் நடக்கிறார்கள். எங்கே செலவழிக்க வேண்டும், எங்கே ஏமாற்றலாம் என்று தெரிவதுதான் இந்தத் தொழிலின் பாதி. அங்கேயே வெள்ளை அட்டையில் செய்த சிறு மாதிரிகளும் இருக்கின்றன. கோட்டையைக் கட்டுமுன் அட்டையில் கட்டிப் பார்த்திருக்கிறார்கள். அவற்றின் முன்னால் மகள் எவ்வளவு நேரம் நிற்கிறாள் என்று கவனியுங்கள்.

ஏன் சொல்கிறேன் என்றால், அவள் கொண்டுவந்த சப்பாத்துப் பெட்டியை நான் இன்னும் மறக்கவில்லை. ஊரில் அம்மம்மாவின் குசினியை அதற்குள் செய்திருந்தாள். அடுப்புக்கு மேலே சுவரில் புகைக்கரி, மேலே போகப் போக மங்கிக்கொண்டே போகிறது. வாசற்படியின் நடுவில் மட்டும் தேய்மானம். அந்த வீட்டில் எத்தனை வருடம் சமைத்தார்கள், எத்தனை கால்கள் ஏறி இறங்கின என்று யாரும் சொல்லாமலே எனக்குத் தெரிந்தது. டிசைனரின் கண் என்றால் இதுதான் அக்கா. அதைப் படிப்பித்துக் கொடுப்பது மிகக் கஷ்டம்.

குறையும் இருக்கிறது. அளவு இல்லை. கதவு எத்தனை அடி என்று கேட்டேன், முழித்தாள். கற்பனை எவ்வளவு இருந்தாலும், தச்சனின் கையில் கொடுக்கிற வரைபடத்தில் அளவு பிழைக்கக்கூடாது.

உங்கள் பயத்தில் நியாயம் இருக்கிறது என்பதையும் மறைக்க மாட்டேன். நிரந்தர வேலை அரிது. படம் முடிந்தால் ஒப்பந்தமும் முடியும். 2023-ல் ஹொலிவூட்டில் வேலைநிறுத்தம் நடந்தபோது இங்கேயும் ஏராளமானோர் மாதக்கணக்கில் வேலையில்லாமல் இருந்தார்கள். உழைக்கிற மாதத்தில் சேமிக்கத் தெரியாதவர்களுக்கு இது கடினமான வாழ்க்கை. அதை அவளிடமும் சொல்லுங்கள். மிரட்டலாக வேண்டாம், வீட்டுக் கணக்கைப் பேசுவது போலப் பேசுங்கள்.

"ஆர்க்கிடெக்சர் படிக்கட்டும், பிறகு பார்ப்போம்" என்றீர்கள். கெட்ட யோசனை இல்லை. ஜேம்ஸ் பொண்ட் படங்களின் பிரமாண்டமான தளங்களை வடிவமைத்த கென் அடமும் லண்டனில் பாட்லட் என்ற கல்லூரியில் கட்டடக்கலை படிக்கப் போனவர்தான். ஆனால் முழுக் கட்டடக் கலைஞராக ஏறக்குறைய ஏழு வருடம் வேண்டும். மனமில்லாமல் அவ்வளவு காலம் ஓட்டுவது பெரிய தண்டனை. கட்டடத்தில் அவளுக்கே விருப்பம் இருந்தால் மட்டும் அந்த வழி.

என் விருப்பத்தைக் கேட்டால்: ஏ லெவல் முடிய ஒரு வருடம் ஆர்ட் ஃபவுண்டேஷன், அதாவது பட்டப்படிப்புக்கு முன்னால் செய்கிற கலை அடிப்படைப் படிப்பு. பத்தொன்பது வயதுக்குள் தொடங்கினால் இங்கிலாந்தில் பொதுவாக அதற்குக் கட்டணம் இல்லை. அந்த வருடத்தில் அவளுக்கே தெளிவு வரும். பிறகு மேடை அல்லது திரை வடிவமைப்பில் பட்டம். மேலே படிக்க ஆசை வந்தால் பீகன்ஸ்ஃபீல்டில் உள்ள தேசியத் திரைப்படக் கல்லூரியில் இதற்கென்றே இரண்டு வருட முதுகலை இருக்கிறது. கூடவே கார் ஓட்டப் பழகட்டும். ஸ்டூடியோக்கள் ஊருக்கு வெளியே இருப்பதால், லைசென்ஸ் இல்லாததாலேயே முதல் வேலையைத் தவறவிட்ட பிள்ளைகளை நான் பார்த்திருக்கிறேன்.

அடுத்த சனிக்கிழமை வரும்போது சப்பாத்துப் பெட்டியைத் திரும்பவும் கொண்டுவரட்டும். அதற்குமுன் ஊருக்கு ஒரு கோல் எடுத்து, அந்தக் குசினியின் நீளம், அகலம், கதவின் உயரம் எல்லாவற்றையும் யாரையாவது நாடா பிடித்து அளந்து சொல்லச் சொல்லுங்கள். அதை வைத்து ஒன்றுக்கு இருபத்தைந்து அளவில், அதாவது உண்மை நீளத்தில் இருபத்தைந்தில் ஒரு பங்காக, ஒரு வரைபடம். முதலில் கீறிப் பிழைத்த தாள்களையும் எறியாமல் கொண்டுவர வேண்டும். கல்லூரி நேர்முகத் தேர்வில் அவற்றையும் புரட்டிப் பார்ப்பார்கள்.