ஐஸுக்குத்தான் பயப்பட வேண்டும்

கோடை விடுமுறை நெருங்குகிறது. இந்த மாதம் வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் ஒரே கவலைதான்: ஊருக்குப் போகும்போது இன்சுலினை எப்படிக் கெடாமல் கொண்டுபோவது? அரசு மருத்துவமனை மருந்தகத்தில் 31 வருடம் இருந்தவள் நான். எங்கள் வீட்டுக்காரர் 19 வருடம் இன்சுலின் போட்டுக்கொண்டவர். அதனால் படித்ததையும் சொல்கிறேன், பட்டதையும் சொல்கிறேன்.

கேள்வி: அப்பாவுக்கு 68 வயது. காலையில் 22 யூனிட், இரவு 14 யூனிட் கலப்பு இன்சுலின், பேனா வடிவ ஊசியில் போட்டுக்கொள்கிறார். மே மாதம் அம்மாவோடு ராமேஸ்வரம் போய், அங்கிருந்து ரயிலில் காசிக்குப் போவதாக ஏற்பாடு. மொத்தம் 12 நாள். ரயிலிலேயே இரண்டு நாளுக்கு மேல் ஆகும். மருந்துக்கடைக்காரர் தெர்மாகோல் பெட்டியும் ஐஸ் பேக்கும் தருகிறேன் என்கிறார். வழியில் ஐஸ் உருகிவிட்டால் என்ன செய்வது என்று பயந்து, காசியே வேண்டாம் என்கிறார் அப்பா. என்ன செய்யலாம்?
(வாசகி, தென்காசி)

பதில்: டிக்கெட்டை ரத்து செய்துவிடாதீர்கள். அப்பா போகட்டும்.

முதலில் கணக்குப் போடுவோம். ஒரு நாளைக்கு 36 யூனிட். ஒவ்வொரு முறையும் ஊசியில் காற்றுப் போக 2 யூனிட் தள்ளிவிட வேண்டும் அல்லவா, அதையும் சேர்த்தால் 40. பன்னிரண்டு நாளைக்கு 480 யூனிட். பேனாவுக்குள் போடும் 3 மில்லி கார்ட்ரிட்ஜ் ஒன்றில் 300 யூனிட் இருக்கும். ஆக இரண்டு போதும். ரயில் தாமதமாகலாம், ஒன்று கீழே விழுந்து உடையலாம். அதனால் நான்கு எடுத்துக்கொள்ளுங்கள். இரண்டு அப்பா பையில், இரண்டு அம்மா பையில். ஒரு பை திருட்டுப் போனாலும் இன்னொன்று இருக்கும்.

இப்போது முக்கியமான விஷயம். இன்சுலினை 2 முதல் 8 டிகிரிக்குள் பிரிட்ஜில் வைக்க வேண்டும் என்பது மாதக்கணக்கில் சேமித்து வைப்பதற்கான விதி. வெளியே எடுத்துவிட்டால், பெரும்பாலான இன்சுலின்கள் 30 டிகிரிக்குக் கீழே நான்கு வாரம் வரை தாங்கும். சில வகைகளுக்கு 25 டிகிரி என்றும், சிலவற்றுக்கு ஆறு வாரம், எட்டு வாரம் என்றும் போட்டிருப்பார்கள். பெட்டிக்குள் மடித்து வைத்திருக்கும் காகிதத்தைப் பிரித்துப் பாருங்கள், அதில் இருக்கும். உங்கள் அப்பாவின் பயணம் 12 நாள்தான். ஏசி பெட்டியில் போகிறார் என்றால் ஐஸே வேண்டாம். பையில், வெயில் படாத இடத்தில் வைத்துக்கொண்டு போய்வரலாம்.

ஸ்லீப்பர் பெட்டி என்றால் கொஞ்சம் ஏற்பாடு வேண்டும். மே மாதம் விஜயவாடா தாண்டி நாக்பூர் பக்கம் போகும்போது வெயில் 45 டிகிரியைத் தொடும். கூரைத் தகடு காய்வதால் மேல் பெர்த்தில் அனல் இறங்கும். மருந்தைக் கீழ் பெர்த்தில், சன்னல் வெயில் விழாத பக்கம் வையுங்கள். தண்ணீரில் ஊறவைத்துப் பயன்படுத்தும் குளிர்பை ஒன்று விற்கிறது. உள்ளே இருக்கும் ஜெல் தண்ணீரை உறிஞ்சிக்கொண்டு, பிறகு மெதுவாக ஆவியாக விடும். மண்பானைத் தண்ணீர் குளிர்கிற அதே வழிதான். அந்தப் பை கிடைக்காவிட்டால், சின்ன டப்பாவில் மருந்தை வைத்து இறுக மூடி, அதன்மேல் ஈரத் துண்டைச் சுற்றிக் காற்றுப் படுகிற இடத்தில் வையுங்கள். துண்டு காயக் காய நனைக்க வேண்டும். இதைக் கொண்டுபோய் பிளாஸ்டிக் கவருக்குள் போட்டு முடிச்சுப் போட்டால் பலனே இல்லை. ஈரம் வெளியேறினால்தான் குளிரும். நாக்பூரின் வறண்ட வெயிலில் இது நன்றாக வேலை செய்யும். சென்னை போலக் கடல்காற்றில் கசகசக்கும் ஊரில் அவ்வளவாகக் குளிராது.

ஓரிரு நாள் 35, 37 டிகிரியில் இருந்துவிட்டால் இன்சுலின் விஷமாகிவிடும் என்ற பயமும் வேண்டாம். கென்யாவில் அகதிகள் முகாம்களில் வேலை செய்யும் எல்லைகளற்ற மருத்துவர்கள் அமைப்பும் ஜெனீவா பல்கலைக்கழகமும் சேர்ந்து, முகாமில் இருக்கிற மாதிரியே 25க்கும் 37க்கும் இடையில் ஏறி இறங்கும் வெப்பத்தில் பல வகை இன்சுலின்களை நான்கு வாரம் வைத்துச் சோதித்தார்கள். முடிவு 2021இல் வெளியானது. இன்சுலின் தன் வீரியத்தை இழக்கவில்லை. இதைச் சாக்காக வைத்து வீட்டில் பிரிட்ஜை விட்டுவிடச் சொல்லவில்லை. வழியில் ஐஸ் உருகினால் பதற வேண்டாம் என்பதற்குச் சொல்கிறேன்.

உண்மையில் பயப்பட வேண்டியது ஐஸுக்குத்தான். இன்சுலின் ஒரு முறை உறைந்துவிட்டால் தீர்ந்தது. உருகிய பிறகும் அதைத் தொடக்கூடாது. டீப் ப்ரீசரிலிருந்து எடுத்த ஐஸ் பேக் மைனஸ் 15, மைனஸ் 20 டிகிரியில் இருக்கும். அதன்மேல் கார்ட்ரிட்ஜை வைத்தால் உறைந்துபோகும். இது எனக்குத் தெரியாத விஷயமில்லை. தெரிந்தும் தவறினேன். 2009 மே மாதம் நாங்கள் இருவரும் டெல்லியில் இருக்கும் மகன் வீட்டுக்கு ரயிலில் போனோம். வெயிலை நினைத்து நினைத்தே பயந்தவள், கிளம்பும் அவசரத்தில் மூன்று கார்ட்ரிட்ஜை இரண்டு ஐஸ் பேக்குக்கு நடுவில் வைத்து ரப்பர் பேண்ட் போட்டுக் கட்டிவிட்டேன். மூன்றாம் நாள் அவருக்குச் சுகர் 380. அவர் சாப்பாட்டில் ஒரு குறையும் வைக்கவில்லை, ஊசியும் வேளை தவறவில்லை. கார்ட்ரிட்ஜை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். பால் திரிந்ததுபோல உள்ளே வெள்ளைக் கட்டிகள், கண்ணாடி ஓரத்தில் ஒட்டிக்கொண்டு. அங்கேயே புதிதாக வாங்கிப் போட்ட பிறகு இரண்டு நாளில் சரியானது. வாய் உலர்ந்து, இரவெல்லாம் பாத்ரூமுக்கு நடந்துகொண்டிருந்தாரே, அந்த மூன்று நாளை இன்னும் என்னால் மறக்க முடியவில்லை.

அதனால் உங்கள் அப்பாவுக்கும் அம்மாவுக்கும் இதைச் சொல்லிக் கொடுங்கள். கலப்பு இன்சுலினை உள்ளங்கைகளுக்கு நடுவில் பத்து முறை உருட்டி, பத்து முறை மேலும் கீழும் கவிழ்த்தால் ஒரே சீராகப் பால் வெள்ளையாக வர வேண்டும். கட்டியோ, திரிதிரியாகவோ, கண்ணாடியில் பனி படிந்த மாதிரியோ தெரிந்தால் எறிந்துவிட வேண்டும். தெளிவாக இருக்க வேண்டிய வகை இன்சுலின் கலங்கினாலும் அப்படியே. ஆனால் கெட்டதெல்லாம் கண்ணுக்குத் தெரியும் என்று சொல்ல முடியாது. காரணமில்லாமல் சுகர் ஏறிக்கொண்டே போனால் முதலில் மருந்தைச் சந்தேகித்துப் புதியதை மாற்றுங்கள், டாக்டரிடம் போனில் பேசுங்கள். சுகர் பார்க்கும் மெஷினையும் ஸ்ட்ரிப்பையும் மறக்காமல் வைத்துவிடுங்கள்.

காசியில் லாட்ஜ் அறையில் குட்டி பிரிட்ஜ் இருந்தால் சந்தோஷப்பட்டு உள்ளே வைத்துவிட வேண்டாம். அவற்றில் பின்சுவர் ஓரம் உறைந்துபோகும். முதல் இரவு ஒரு டம்ளர் தண்ணீர் வைத்துப் பார்க்கட்டும். காலையில் ஐஸ் ஏடு கட்டியிருந்தால் அந்த பிரிட்ஜ் வேண்டாம். சில இடங்களில் சாவி அட்டையை உருவிக்கொண்டு வெளியே போனால் மின்சாரமும் நின்றுவிடும்.

இன்னொன்று, ரயில் சாப்பாடு. "ஆர்டர் பண்ணியாச்சு, இதோ வந்துடும்" என்று சொன்னதை நம்பி ஊசியைப் போட்டுவிடக்கூடாது. தட்டு மடிக்கு வந்த பிறகுதான் ஊசி. சட்டைப் பையில் சர்க்கரையோ குளுக்கோஸோ எப்போதும் இருக்கட்டும். வியர்த்து, கை நடுங்கினால் மூன்று டீஸ்பூன் சர்க்கரை, கால் மணி நேரம் கழித்து மறுபடி சோதனை.

கிளம்பும் நாளில் நான்கு கார்ட்ரிட்ஜிலும் தேதி எழுதி ஒட்டுங்கள். திரும்பி வந்ததும் மிச்சத்தை பிரிட்ஜில் வைத்தால் கணக்குப் புதிதாகத் தொடங்காது. வெளியே எடுத்த நாளிலிருந்து நான்கு வாரம்தான்.

கேள்வி: எனக்கு வயது 34. தைப்பூசத்துக்கு வருடா வருடம் பழனிக்குப் பாதயாத்திரை. இந்த வருடம் இன்சுலின் ஆரம்பித்துவிட்டார்கள். அடுத்த தைக்கு நடக்கலாமா? பேனாவை இடுப்பில் கட்டிக்கொள்ளலாமா?
(வாசகர், கரூர்)

பதில்: நடக்கலாம் தம்பி, டாக்டரைப் பார்த்துவிட்டு. தை மாதக் குளிரில் இன்சுலினுக்கு ஒன்றும் ஆகாது. இடுப்பில் மட்டும் வேண்டாம். உடம்புச் சூடு 37 டிகிரி, அதோடு வியர்வை. தோளில் மாட்டும் துணிப்பையில், உள்ளே ஒரு துண்டில் சுற்றிப் போதும். ஒவ்வொரு முறையும் போட்ட உடனே ஊசியைக் கழற்றிவிடுங்கள். மாட்டியே வைத்தால் சூடு மாறும்போது மருந்து கசியும், காற்றும் உள்ளே போகும்.

உங்களுக்கு ஆபத்து வேறு இடத்தில் இருக்கிறது. நாள் முழுக்க நடந்தால் சுகர் இறங்கும். இரவு தூக்கத்திலும் இறங்கும். நடக்கிற நாட்களில் அளவைக் குறைக்க வேண்டுமா, எவ்வளவு என்று டாக்டரிடம் எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். நடப்பதற்கு முன் தொடையில் போடாதீர்கள், வயிற்றில் போடுங்கள். உழைக்கிற தசைப் பக்கம் போட்டால் மருந்து சீக்கிரம் ஏறிவிடும். கூட வருகிற ஒருவருக்காவது நீங்கள் இன்சுலின் போடுகிறவர் என்று தெரிந்திருக்க வேண்டும். மயங்கிவிட்டால் வாயில் எதையும் ஊற்றக்கூடாது, 108ஐ அழைக்க வேண்டும் என்பதையும் அவரிடம் சொல்லிவையுங்கள்.

வெறுங்காலில் நடக்கிற வேண்டுதல் என்றால், கையெடுத்துக் கேட்கிறேன், செருப்புப் போட்டுக்கொள்ளுங்கள். முள் குத்தினது தெரியாமலே புண்ணாகி, விரலை எடுக்க வந்தவர்களுக்கு நான் மருந்து கொடுத்திருக்கிறேன்.

கேள்வி: மகளின் பிரசவத்துக்காக அமெரிக்கா போகிறேன். மூன்று மாதம் இருப்பேன். நான் பாட்டில் இன்சுலினும் சிவப்பு மூடி சிரிஞ்சும் பயன்படுத்துகிறேன். காலை 20 யூனிட். இங்கிருந்தே எல்லாவற்றையும் கொண்டுபோக வேண்டுமா? பெட்டியில் போட்டு அனுப்பலாமா?
(வாசகி, தாம்பரம்)

பதில்: சகோதரி, இந்தக் கடிதத்தைப் படித்ததும் என் கண் சிவப்பு மூடியில்தான் நின்றது. நம் ஊரில் பாட்டிலில் வரும் இன்சுலின் பெரும்பாலும் மில்லிக்கு 40 யூனிட். அதற்கான சிரிஞ்சுக்குச் சிவப்பு மூடி. அமெரிக்கக் கடையில் கிடைப்பது மில்லிக்கு 100 யூனிட், அதன் சிரிஞ்சுக்கு ஆரஞ்சு மூடி. இங்கிருந்து கொண்டுபோனது தீர்ந்து, அங்கே வாங்கிய பாட்டிலிலிருந்து உங்கள் சிவப்பு மூடி சிரிஞ்சில் 20 கோடு இழுத்தால், உள்ளே போவது 50 யூனிட். உயிருக்கே ஆபத்து. மாறாக நம் ஊர்ப் பாட்டிலிலிருந்து அவர்கள் சிரிஞ்சில் 20 கோடு இழுத்தால் 8 யூனிட்தான் போகும். எனவே கிளம்ப ஒரு மாதம் இருக்கும்போதே டாக்டரிடம் போய், பேனாவுக்கு மாற்றித் தர முடியுமா என்று கேளுங்கள். பேனா இன்சுலின் இங்கேயும் பெரும்பாலும் மில்லிக்கு 100தான். பழகிக்கொள்ளவும் நாள் கிடைக்கும். பாட்டிலே தொடர்வதாக இருந்தால், மருந்தையும் சிரிஞ்சையும் சேர்த்தே முழுக் காலத்துக்கும் எடுத்துப் போங்கள்.

பெட்டியில் போட்டு அனுப்பவே கூடாது. சரக்கு அறையின் குளிரில் உறையலாம், பெட்டியே வந்து சேராமலும் போகலாம். எல்லாமே கைப்பையில். பாதுகாப்புச் சோதனையில் முதலிலேயே சொல்லிவிடுங்கள். எக்ஸ்ரேயில் போவதால் இன்சுலினுக்குக் கெடுதல் இல்லை. 100 மில்லி திரவக் கட்டுப்பாட்டில் மருந்துக்கு விலக்கு உண்டு. மருந்தின் பெயரும் அளவும் ஆங்கிலத்தில் எழுதிய டாக்டர் கடிதம், கடை ரசீது, பிரிக்காத மருந்து அட்டைப்பெட்டி மூன்றும் ஒரே உறையில் இருக்கட்டும்.

மூன்று மாத இருப்பு என்பதால் உங்களுக்குக் குளிர்ச்சி வேண்டும். ஜெல் பேக்கை ப்ரீசரில் வைக்காமல், பிரிட்ஜின் கீழ்த்தட்டில் ஒரு நாள் முழுக்க வைத்து எடுங்கள். அப்போது அது உறையவைக்கும் அளவுக்குப் போகாது. மருந்தைத் துண்டில் சுற்றி, ஜெல் பேக்கோடு மூடி போட்ட குளிர்பையில் வையுங்கள். நடுவழியில் குளிர் போய்விட்டாலும் ஒரு நாள் பயணத்தில் கெடாது. விமானத்தில் பணிப்பெண்ணிடம் கொடுத்து வைக்கச் சொல்லாதீர்கள். அவர்கள் நல்ல மனதோடு ஐஸில் வைத்துவிடுவார்கள், இறங்கும்போது நீங்களும் மறந்துவிடுவீர்கள்.

நேரம் மாறுவதற்கு எத்தனை மணிக்கு எவ்வளவு போடுவது என்று நான் பொதுவாகச் சொல்வது சரியாக இருக்காது. டிக்கெட்டை எடுத்துக்கொண்டு டாக்டரிடமே போங்கள். பேரக்குழந்தைக்கு என் ஆசிகள்.

கேள்வி: முடக்குவாதத்துக்கு இரண்டு வாரத்துக்கு ஒரு முறை அடாலிமுமாப் ஊசி. திருச்சியிலிருந்து பெங்களூருக்கு இரவு பஸ்ஸில் கொண்டுபோக வேண்டும். இதுவும் நான்கு வாரம் தாங்குமா?
(வாசகர், திருச்சி)

பதில்: தாங்காது. இன்சுலின் கணக்கை எல்லா ஊசிக்கும் போட முடியாது. அடாலிமுமாப் வெளியே எடுத்தால் 25 டிகிரிக்குக் கீழே அதிகபட்சம் 14 நாள் என்பது வழக்கமான கணக்கு. உங்கள் கம்பெனி மருந்துக்கான தாளை ஒரு முறை பார்த்துவிடுங்கள். நம் ஊரில் வீட்டுக்குள்ளேயே 25 டிகிரி கிடைப்பது அபூர்வம். ஒரே இரவுதான் என்பதால், மேலே சொன்னபடி கீழ்த்தட்டில் குளிரவைத்த ஜெல் பேக்கோடு, அட்டைப்பெட்டியைப் பிரிக்காமல் குளிர்பையில் வைத்து மடியிலேயே வைத்துக்கொள்ளுங்கள். பஸ்ஸின் அடியில் சாமான் வைக்கும் அறையில் போடாதீர்கள். பெங்களூரு இறங்கியதும் பிரிட்ஜில் வையுங்கள். போட்டுக்கொள்வதற்கு அரை மணி நேரம் முன்பு வெளியே எடுத்து வைத்தால் வலி குறையும். வெந்நீரில் வைத்துச் சூடாக்க வேண்டாம்.