ஆன்டிகிதேரா கருவியை உண்மையில் மனிதர்கள்தான் செய்தார்களா?

ஆம், மனிதர்கள்தான். நிலவின் நகர்வையும் கிரகணங்களையும் காட்ட, சுமார் 2,000 ஆண்டுகளுக்கு முன் கிரேக்கர்கள் பற்சக்கரங்களைக் கோத்துச் செய்த வெண்கலக் கருவி அது. வேற்றுக்கிரகவாசிகள் கொடுத்துவிட்டுப் போனார்கள் என்று சொல்லும் காணொளி எதையோ பார்த்துவிட்டுக் கேட்கிறீர்கள் என்று நினைக்கிறேன். கேள்வியைப் படித்ததும் கோபம் வந்தது. உங்கள் மேல் அல்ல.

நான் சரக்குக் கப்பல்களில் 22 ஆண்டுகள் ஃபிட்டராக இருந்தவன். ஒரு கப்பலில் இருந்த லேத் (கடைசல் இயந்திரம்) அங்குலக் கணக்கில் ஆனது. அதில் மில்லிமீட்டர் கணக்கில் திருகு மரை வெட்ட 127 பல் உள்ள சக்கரம் வேண்டும். ஓர் அங்குலம் 25.4 மில்லிமீட்டர், அதில் பாதி 12.7, அந்த எண் அங்கிருந்து வந்தது. பெட்டியில் அந்தச் சக்கரம் மட்டும் இல்லை. அடுத்த துறைமுகத்துக்கு 11 நாள்.

127 ஒரு பகா எண். வட்டத்தைப் பாதி, கால் என்று பிரித்துக்கொண்டே போனால் அது வராது. எனக்குத் தொழில் கற்றுத் தந்தவர் காட்டிய வழியைக் கையாண்டேன். நீளமான காகிதப் பட்டையில் 127 சம இடைவெளிகள் குறித்தேன். பட்டையின் இரு முனையும் சரியாகச் சேரும்படி ஒரு மரவட்டைக் கடைந்து அதன் மேல் ஒட்டினேன். அதையும் பித்தளைத் தகட்டையும் ஒரே அச்சில் பூட்டி, கோடுகளை ஒவ்வொன்றாகத் தகட்டுக்கு இறக்கினேன். பிறகு ரம்பமும் அரமும். வேலை நேரம் முடிந்து ஆறு இரவுகள். அந்தச் சக்கரத்தைப் போட்டு வெட்டிய மரையில் நட்டு சிக்காமல் ஏறியது.

செகண்ட் இன்ஜினியர் சக்கரத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, “இது கையால் செய்தது அல்ல, எங்கிருந்தோ எடுத்து வந்திருக்கிறாய்” என்றார். அது இன்றும் ஆறவில்லை.

பிறகு ஒருமுறை கிரேக்கத்தின் பிரேயஸ் துறைமுகத்தில் நின்றபோது ஏதென்ஸ் தேசியத் தொல்லியல் அருங்காட்சியகத்துக்குப் போனேன். அந்தக் கருவியின் பச்சை பூத்த வெண்கலத் துண்டுகள், மொத்தம் 82. 1900-1901இல் ஆன்டிகிதேரா தீவை ஒட்டி மூழ்கிக் கிடந்த கப்பலிலிருந்து சிமி தீவின் கடற்பஞ்சு முக்குளிப்பவர்கள் எடுத்தவை. அந்த வேலையில் ஒருவர் இறந்தார், இருவர் முடங்கிப்போனார்கள். 1902இல் தொல்லியலாளர் வலேரியோஸ் ஸ்டாயிஸ் அந்தக் கட்டிக்குள் பற்சக்கரத்தைக் கண்டார்.

எஞ்சியிருக்கும் 30 சக்கரங்களில் ஒன்றுக்கு 127 பல் என்று பின்னர் படித்தபோது எனக்கு உடல் சிலிர்த்துவிட்டது. 19 ஆண்டுகளில் நிலவு விண்மீன்களின் ஊடே 254 சுற்று வருகிறது. அதில் பாதி 127. கிரகணங்கள் 223 நிலவு மாதங்களுக்கு ஒருமுறை அதே வரிசையில் திரும்புவதைக் காட்ட இன்னொரு சக்கரத்துக்கு 223 பல். அதுவும் பகா எண்தான். நிலவு சில நாள் விரைந்தும் சில நாள் தயங்கியும் நகர்வதைக் காட்ட, ஒரு சக்கரத்தில் நீட்டிய முளை, மையம் சற்றே விலகிய மற்றொன்றின் நீள் பள்ளத்தில் சறுக்குகிறது. இதை யோசித்தவனின் காலில் விழலாம்.

பற்களைப் பாருங்கள். இன்றைய ஆலைச் சக்கரங்களின் வளைவு அவற்றில் இல்லை, நேரான முக்கோணங்கள். அரம் பிடித்தவனுக்கு அது எப்படி வந்தது என்று தெரியும்.

‘ஒரு சக்கரம் அராவியவன் இதைப் பேசலாமா’ என்று சிலர் வருவார்கள். நான் ஆய்வாளன் அல்ல. அது எளிய வேலை என்றும் சொல்லவில்லை. நான் செய்தது ஒன்று, அங்கே முப்பதும் ஒன்றோடொன்று கவ்விச் சுழல வேண்டும். கிரகணக் கணக்கோ பாபிலோனியர்கள் தலைமுறை தலைமுறையாக வானத்தைப் பார்த்து எழுதிவைத்தது. 2005இல் எக்ஸ்-கதிர் கொண்டு உள்ளே பார்த்தபோது கிரேக்க எழுத்தில் பயன்பாட்டுக் குறிப்புகளே கிடைத்தன. மாதப் பெயர்கள் கொரிந்து நகர மரபில் உள்ளவை. மனிதர்கள் தம் நாட்காட்டிக்கு ஏற்பச் செய்த பொருள் அது.

என் சக்கரத்தை நான் எடுத்து வரவில்லை. ஒப்பந்தம் முடிந்து இறங்கிய அன்று எண்ணெய் தடவி, லேத்தின் பெட்டியில் மற்ற சக்கரங்களோடு வைத்துவிட்டு வந்தேன்.