சட்டம் உங்கள் பக்கம்: இறந்தவர் மீதே எஃப்.ஐ.ஆர். போட்டிருந்தால் இழப்பீடு கிடைக்குமா?

கேள்வி: இருசக்கர வாகன மெக்கானிக்காக மாதம் 18,000 ரூபாய் சம்பாதித்து வந்த என் கணவர் (வயது 38), சென்ற மாதம் மேட்டுப்பாளையத்திலிருந்து பைக்கில் மலையேறி வரும்போது, கொண்டை ஊசி வளைவில் இறங்கி வந்த வேன் மோதி இறந்துவிட்டார். வேன் ஓட்டுநரின் புகாரின் பேரில் என் கணவர் மீதே எஃப்.ஐ.ஆர். பதிவாகியிருக்கிறது. வேனுக்குக் காப்பீடு செய்த நிறுவனத்திலிருந்து வந்தவர், "தவறு உங்கள் வீட்டுக்காரர் மேல்தான், ஹெல்மெட்டும் போடவில்லை, ஐந்து லட்சம் வாங்கிக்கொண்டு கையெழுத்துப் போடுங்கள்" என்கிறார். மாமியாரும் இரண்டு குழந்தைகளும் என்னை நம்பியிருக்கிறார்கள். என்ன செய்யட்டும்?
- ஒரு வாசகி, கோத்தகிரி வட்டம்

பதில்: சகோதரி, இப்போதைக்கு எதிலும் கையெழுத்துப் போடாதீர்கள். அவர் சொல்லும் ஐந்து லட்சம், மோட்டார் வாகனச் சட்டத்தின் 164-ஆம் பிரிவில், யார் தவறு என்று பார்க்காமலே உயிரிழப்புக்குத் தரப்படும் தொகை. அதைப் பெற்றுக்கொண்டால், கவனக்குறைவை நிரூபித்து 166-ஆம் பிரிவில் நீங்கள் கேட்கக்கூடிய முழு இழப்பீட்டுக்கான மனு காலாவதியாகிவிடும்.

எஃப்.ஐ.ஆர். என்பது முதலில் போய்ச் சொன்னவரின் தகவல்தான். இறந்தவரால் தன் தரப்பைச் சொல்ல முடியவில்லை என்பதை, இழப்பீட்டு மனுக்களை விசாரிக்கும் மோட்டார் வாகன விபத்துத் தீர்ப்பாயங்கள் நன்றாகவே அறியும். குற்ற வழக்கைப் போலச் சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபிக்க வேண்டியதில்லை, எது நடந்திருக்க அதிக வாய்ப்புள்ளது என்று காட்டினால் போதும். அதை அந்த வளைவே காட்டும். காவல்துறையின் பார்வை மகஜர் (விபத்து நடந்த இடத்தைப் பார்த்து எழுதிய குறிப்பு), அந்த இடத்தின் மாதிரி வரைபடம், மோட்டார் வாகன ஆய்வாளர் அறிக்கை ஆகிய மூன்றின் நகலையும் உடனே வாங்குங்கள். உடைந்த கண்ணாடியும் டயர் தடமும் மலையேறுபவரின் இடது பக்கத்தில் கிடந்ததாக வரைபடம் காட்டினால், வேன்தான் நடுக்கோட்டைத் தாண்டி வந்தது என்பதற்கு அதைவிட வலுவான சாட்சி வேண்டியதில்லை. இரண்டு வண்டிகள் தாராளமாக விலகிச் செல்ல அகலம் போதாத மலைச்சாலையில், இறங்கும் வண்டிதான் ஓரமாக நின்று ஏறும் வண்டிக்கு வழிவிட வேண்டும் என்பது விதி. நம் மலையில் ஓட்டுபவர்கள் எல்லோருக்கும் தெரிந்த இந்த விதியை மனுவில் எழுத மறந்துவிடுகிறார்கள் என்பதுதான் என் வருத்தம். அந்த இடத்தை இந்த வாரமே புகைப்படம் எடுத்து வையுங்கள். ஒரு மழை பெய்தால் தடம் போய்விடும். பார்த்தவர் யாரேனும் இருந்தால் அவரைக் குறிப்பிட்டு, மாவட்டக் காவல் கண்காணிப்பாளருக்கு எழுத்து மூலம் மனு கொடுங்கள்.

ஹெல்மெட் அணியாதது சட்ட மீறல்தான், ஆனால் விபத்து அதனால் நேரவில்லை. ஒரே பைக்கில் மூவர் சென்ற வழக்கில், அந்த மீறல் விபத்துக்கோ அதன் பாதிப்புக்கோ காரணமானது என்று காட்டாமல் இழப்பீட்டைக் குறைக்க முடியாது என்று 2020-இல் உச்ச நீதிமன்றம் கூறியுள்ளது.

தொகையைப் பார்ப்போம். உச்ச நீதிமன்றத்தின் பிரணய் சேத்தி தீர்ப்பின்படி (2017), சுயதொழில் செய்பவரோ நிலையான சம்பளம் வாங்குபவரோ 40 வயதுக்குக் குறைந்தவராக இருந்தால், அவர் வருமானத்தோடு எதிர்கால உயர்வாக 40 சதவீதம் சேர்க்க வேண்டும்: 25,200 ரூபாய். சார்ந்திருப்போர் நான்கு பேர் என்பதால் அவருடைய சொந்தச் செலவுக்கு நான்கில் ஒரு பங்கு கழிந்து 18,900, ஆண்டுக்கு 2,26,800. சரளா வர்மா தீர்ப்பு (2009) 38 வயதுக்கு வகுத்த பெருக்கெண் (ஆண்டுத் தொகையைப் பெருக்க வேண்டிய எண்) 15. ஆக 34,02,000 ரூபாய். இறுதிச்சடங்குச் செலவும், மனைவி, குழந்தைகள், தாய் ஆகியோர் இழந்த துணைக்கான தொகையும் இதற்கு மேல். உங்கள் கணவர் மீதும் 25 சதவீதத் தவறு உண்டு என்று தீர்ப்பாயம் கருதினாலும், அந்தப் பங்கு மட்டுமே குறையும். வருமானத்தைக் காட்ட, அவர் வேலை செய்த பட்டறை உரிமையாளரின் சாட்சியமும் வங்கிக் கணக்கும் உதவும்.

விபத்து நடந்த நாளிலிருந்து 6 மாதத்துக்குள் மனு போட்டுவிடுங்கள். நீங்கள் வசிக்கும் இடத்துக்குரிய தீர்ப்பாயத்திலேயே போடலாம் என்பதால் உதகமண்டலமே போதும். பெண் என்ற வகையில், வருமான வரம்பு எதுவுமின்றி இலவச வழக்கறிஞரைப் பெற உங்களுக்கு உரிமை உண்டு. மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் கேளுங்கள்.

இன்னொன்று: பைக் உங்கள் கணவர் பெயரில் இருந்து, உரிமமும் செல்லுபடியாக இருந்தால், அதன் காப்பீட்டுப் பத்திரத்தை எடுத்துப் பாருங்கள். உரிமையாளர்-ஓட்டுநருக்கான தனிநபர் விபத்துக் காப்பீடு அதில் சேர்ந்திருந்தால், தவறு யாருடையது என்ற கேள்வியே இன்றி 15 லட்சம் வரை தனியாகக் கிடைக்கும்.