மாயக் கற்களில் எனக்குப் பிடித்தது பலன்டீர்தான்

கேள்வி: கற்பனை உலகக் கதைகளில் வரும் அபூர்வமான மாயக் கற்களில் உங்களுக்குப் பிடித்தது எது? அதை வைத்து என்னவெல்லாம் செய்ய முடியும்?

யோசிக்கவே வேண்டாம், தூரத்தில் இருப்பதைப் பார்க்கவும் தூரத்தில் இருப்பவரோடு பேசவும் உதவும் பலன்டீர்தான். லார்ட் ஆஃப் தி ரிங்ஸ் படம் பார்த்தவர்களுக்கு நினைவிருக்கும், மந்திரவாதி சருமான் கையை மேலே வைத்து, கதையின் பெரிய வில்லனான சவுரானிடம் பேசுவானே, அந்தக் கறுப்பு உருண்டை. படம் மட்டும் பார்த்த பலர் அதை ஏதோ சூனியப் பொருள் என்றே நினைக்கிறார்கள். மூல நாவலில் டோல்கீன் எழுதியது அப்படி இல்லை, அதனால்தான் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

பார்ப்பதற்கு அது அடர்கறுப்புப் பளிங்கில் கடைந்த உருண்டை போல இருக்கும். சிறியவை ஓரடி விட்டம், ஒரு ஆள் தூக்கிவிடலாம், ஆஸ்கிலியாத் நகரத்தில் இருந்த பெரிய கல்லை ஒருவரால் அசைக்கக்கூட முடியாது. கடலுக்கு அப்பால் மேற்கே எல்ஃப்கள் என்ற சாகாவரம் பெற்ற இனத்தார் செய்தவை. நூமெனோர் என்ற தீவு கடலில் மூழ்கியபோது தப்பி வந்த எலென்டில் என்ற தலைவர் 7 கற்களைக் கதை நடக்கும் மிடில் எர்த்துக்குக் கொண்டுவந்தார், 4 தெற்கே காண்டோர் ராஜ்யத்தில், 3 வடக்கே ஆர்னோர் ராஜ்யத்தில். அதற்குப் பிறகு புதிதாக ஒன்றுகூட யாராலும் செய்ய முடியவில்லை. சருமானாலும் முடியாது, சவுரானாலும் முடியாது என்று நல்ல மந்திரவாதியான காண்டால்ஃபே சொல்கிறார். இருந்தவையும் ஒவ்வொன்றாகப் போயின: ஆஸ்கிலியாத் கல் உள்நாட்டுப் போரில் ஆற்றோடு போனது, வடக்கே இரண்டு கற்கள் கப்பலோடு பனிக்கடலில் மூழ்கின.

சரி, பயன் என்ன? முதலில் அது அரசாங்க வேலைக்கான பொருள். வடக்கிலும் தெற்கிலும் பிரிந்து கிடந்த இரண்டு ராஜ்யங்கள் தங்களுக்குள் பேசிக்கொள்ள வைத்திருந்தவை. குரல் கேட்காது, ஒருவர் மனதில் நினைப்பது மறுமுனையில் இருப்பவர் மனதுக்குப் போய்ச் சேரும். பேச ஆள் இல்லாவிட்டால் தனியாகவே தூரத்து இடங்களைப் பார்க்கலாம், சுவர் குறுக்கே இருந்தாலும் பரவாயில்லை, ஆனால் அங்கே வெளிச்சம் இருக்க வேண்டும், இருட்டுக் குகைக்குள் இருப்பது தெரியாது. சிறிய கற்களுக்குத் திசை உண்டு: மேற்கே பார்க்க வேண்டுமென்றால் கல்லுக்குக் கிழக்குப் பக்கம் நிற்க வேண்டும். மற்ற கற்களில் நடக்கும் பேச்சை ஒட்டுக்கேட்க ஆஸ்கிலியாத் கல்லால் மட்டும்தான் முடியும். இப்படி ஒரு மாயப் பொருளுக்கு இவ்வளவு ஒழுங்காக விதி வைத்திருப்பதே எனக்குப் பெரிய சந்தோஷம்.

ஆனால் எனக்கு அது பிடிக்க முக்கியமான காரணம், அந்தக் கல் பொய் சொல்லாது. காண்டோரின் மினாஸ் இத்தில் நகரம் விழுந்த பிறகு அங்கிருந்த கல் சவுரான் கைக்குப் போகிறது, அவ்வளவு பலம் இருந்தும் அவனால் இல்லாத காட்சியை உண்டாக்க முடியவில்லை. இருப்பதில் எதைக் காட்டுவது, எதை விடுவது என்பதில்தான் அவன் கை ஓங்குகிறது. காண்டோரை ஆண்ட டெனத்தோர் விஷயத்தில் நடந்தது இதுதான். எதிரிகளின் கறுப்புப் பாய்மரக் கப்பல்கள் ஆற்றில் ஏறி வருவதை அவர் தன்னிடமிருந்த கல்லில் பார்க்கிறார், அது முழுக்க உண்மை, கப்பல்கள் வந்துகொண்டுதான் இருந்தன. அவற்றைக் கைப்பற்றி உதவிக்கு வருவது ராஜவம்ச வாரிசான அரகோர்ன் என்பது மட்டும் அவருக்குத் தெரியாது. எல்லாம் முடிந்துவிட்டது என்று முடிவு கட்டித் தீயில் இறங்கிவிடுகிறார். அதை வாசிக்கும்போதெல்லாம் மனசு கனத்துப் போகும், ஏனென்றால் அவர் துரோகி இல்லை. சருமான் தன்னிடமிருந்த கல்லின் வழியாக சவுரானுக்கு அடிமையாகிவிட்டான், டெனத்தோர் கடைசிவரை அடிபணியவில்லை. ராஜாவின் சார்பில் ஆட்சி நடத்துபவர் என்ற முறையில் கல்லைப் பார்க்கும் உரிமை அவருக்கு இருந்தது, உரிமை உள்ளவருக்குக் கல் எளிதில் இணங்கும்.

இதைவிட சுவாரஸ்யம் என்னவென்றால், சருமான் வைத்திருந்த அதே கல் சவுரானையும் கவிழ்க்கிறது. சருமானின் ஆர்த்தாங்க் கோபுரத்திலிருந்து எறியப்பட்ட கல்லை, ஹாபிட்கள் என்ற குட்டை இனத்தைச் சேர்ந்த பிப்பின் ராத்திரியில் திருட்டுத்தனமாக எடுத்துப் பார்க்கிறான். சவுரானுக்குத் தெரிவது நிஜமான ஒரு ஹாபிட்தான், ஆனால் பிப்பின் சருமானிடம் கைதியாக இருக்கிறான் என்று சவுரான் தானாகவே நினைத்துக்கொள்கிறான். அப்புறம் எலென்டிலின் வாரிசான அரகோர்ன் அந்தக் கல்லைத் தன் வசப்படுத்தி, உடைந்து மறுபடி உருக்கிச் சேர்த்த எலென்டிலின் வாளோடு தன்னைக் காட்டிக்கொள்கிறார். தன் சக்தி அடங்கிய மோதிரம் இவரிடம் போய்விட்டதோ என்ற பயத்தில் சவுரான் அவசரப்பட்டுப் படையெடுக்கிறான், அவன் கவனமெல்லாம் போர்க்களத்திலேயே இருக்க, அந்த மோதிரத்தை அழிக்கப் புறப்பட்ட ஹாபிட்களான ஃப்ரோடோவும் சாமும் அவன் நாட்டுக்குள்ளேயே நடந்து போகிறார்கள். அதே கல்லில் தெற்கிலிருந்து வரும் ஆபத்தையும் பார்த்துவிட்டுத்தான் அரகோர்ன் ஆவிகள் உலவும் இறந்தவர்களின் பாதையில் போக முடிவெடுக்கிறார். கதை முழுக்கப் பலன்டீரை இவ்வளவு நன்றாகப் பயன்படுத்தியது அவர் ஒருவர்தான் என்பேன்.

இந்த விதிகளையெல்லாம் டோல்கீன் தனிக் கட்டுரையாகவே எழுதி வைத்திருந்தார். அவர் 1973-ல் இறந்த பிறகு, 1980-ல் வெளியான அன்ஃபினிஷ்ட் டேல்ஸ் தொகுப்பில் அது இருக்கிறது. மூன்று பாக நாவலை முடித்துவிட்டு அதைப் படியுங்கள், டெனத்தோரைப் பற்றி அதில் வரும் பகுதிக்காகவே படிக்கலாம்.